தலைவர் வைத்த பேர்

போன வாரம் எங்கள் தெரு வழியாக ஓட்டுக் கேட்டு ஒரு வண்டி போனது. மேலே நின்ற தலைவரிடம் ஒரு பெண் தன் கைக்குழந்தையைத் தூக்கி நீட்டினாள். அவர் வாங்கி, மைக்கில் ஒரு பேரைச் சொல்லிவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். கூட்டம் கை தட்டியது. குழந்தை வீறிட்டு அழுதது. மாடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு பார்த்த நான் உள்ளே வந்து உட்கார்ந்துவிட்டேன். 

செகந்திராபாத் லாலாகூடா ரயில்வே குவார்ட்டர்ஸில் என்னோடு பாண்டி ஆடின அக்காமாரே, தங்கச்சிமாரே, இதை உங்களுக்காக எழுதுகிறேன். நம்மில் பாதிப் பேர் போய்ச் சேர்ந்தாச்சு. மிச்சம் இருக்கிறவர்கள் சைனிக்புரியிலும் பெரம்பூரிலும் பிள்ளைகள் வீட்டில் மருந்து டப்பாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம். நாலு பேர் நடுவில் பேசச் சொன்னால் எனக்கு நாக்கு மேலே ஒட்டிக்கொள்ளும் என்று உங்களுக்குத் தெரியும். எழுதினால் என் முகத்தை யாரும் பார்க்க மாட்டீர்கள். ஐந்தாவது வரைக்கும் படித்த தமிழ்தான். தப்பு இருந்தால் நீங்களே சரி பண்ணிப் படித்துக்கொள்ளுங்கள்.

தனி மாநிலம் வேண்டும் என்று காலேஜ் பையன்கள் முதல் தடவையாகத் தெருவுக்கு வந்தார்களே, அந்த வருஷம். கோடைக்கு முன்னால்தான் என் தங்கச்சி பிறந்தாள். நான் அப்போது நாலாவது.

எங்கள் அப்பா ரயில்வே கேரேஜ் ஒர்க்‌ஷாப்பில் தச்சர். ரயில் பெட்டிக்கு ஜன்னல் செய்கிற பிரிவு. ஒரு ஜன்னலுக்குக் கண்ணாடி ஒன்று, வெயில் மறைக்கக் குறுக்குப் பட்டை வைத்த மரச்சட்டம் ஒன்று. சங்கு ஊதி அவர் வீட்டுக்கு வரும்போது சட்டையில் தேக்குத்தூள் வாசனையும் வார்னிஷ் வாசனையும் சேர்ந்து வரும். இன்றைக்கும் எங்காவது புதுக் கதவுக்கு வார்னிஷ் அடித்தால் நான் அந்த இடத்தில் நின்றுவிடுவேன். வேலையில் அவருக்கு ஒரு கர்வம் உண்டு. "நம்ம சட்டம் எறங்கிச்சுன்னா உள்ள பேசறது வெளிய கேக்காது, வெளிய கத்தறது உள்ள கேக்காது" என்பார். அம்மா, "அப்ப வூட்டுக்கும் ஒண்ணு செஞ்சு மாட்டுங்க, உங்க ரேடியோவ அதுக்குள்ள வெச்சுடறேன்" என்பாள்.

அந்த ரேடியோவும் இப்போது இல்லை. மேலே துணி உறை போட்டு, பின்னால் ஒரு கம்பியை ஜன்னல் வழியாக இழுத்து வேப்பமரத்தில் கட்டியிருப்பார். ராத்திரி மெட்ராஸ் ஸ்டேஷன் இரைச்சலோடு வரும். அதில் தலைவர் பேரை வாசித்தால் போதும், அப்பா சாப்பிடுகிற கையை நிறுத்திவிடுவார்.

தலைவர் என்றால் மெட்ராஸ் பக்கத்துத் தலைவர். நாம் இங்கே இருந்தாலும் நம் அப்பாமாருக்கு அவர்தான் தலைவர். குவார்ட்டர்ஸ் முனையில் ஒரு படிப்பகம் வைத்திருந்தார்களே, தகரக் கூரை, நடுவில் அவர் படம், நாலு நாள் பழசான தமிழ்ப் பேப்பர். அப்பா அதற்குச் செயலாளர். கட்சிக்கரை போட்ட துண்டு ஒன்று வைத்திருந்தார். அதை அம்மா துவைக்கக் கூடாது, அவரே துவைப்பார்.

அவருக்கு ஏன் அத்தனை பிடிப்பு என்று அப்போது எனக்குத் தெரியாது. அம்மா பிற்பாடு சொன்னாள். அப்பாவின் ஊர் அரக்கோணத்துக்குப் பக்கம். அவர்கள் வீட்டில் எல்லாரும் ஒரு ஆண்டையின் நிலத்தில் பாடுபட்டவர்கள். அவர்களுக்குப் பிள்ளை பிறந்தால் ஆண்டைதான் பேர் வைப்பார். அப்பா பிறந்த அன்றைக்கு அவருடைய பாட்டி போய் வாசலில் நின்றாளாம். ஆண்டை நாயை விரட்டிக்கொண்டிருந்தவர், அதே வாயோடு ஒரு பேரைச் சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாராம். அந்தப் பேரை நான் இங்கே எழுதவில்லை. ஒர்க்‌ஷாப் பதிவில் அதுதான் இருந்தது. சம்பளத்தன்று சத்தமாகக் கூப்பிட்டால் அப்பா வாயைத் திறக்க மாட்டார், கையை மட்டும் தூக்குவார்.

அப்பா இளந்தாரியாக இருந்தபோது ஒரு மைதானத்தில் தலைவர் பேசக் கேட்டிருக்கிறார். "மேடைல ஏறினதும் எங்களப் பாத்து ரெண்டு கையும் எடுத்துக் கும்பிட்டாரு. 'ஐயா'ன்னாரு. நான் பின்னால திரும்பிப் பாத்தேன், யார சொல்றாருன்னு" என்று அப்பா சொல்லும்போது ஒவ்வொரு தடவையும் திரும்பிப் பார்த்துக் காட்டுவார்.

தங்கச்சி பிறந்து அப்பா கையில் வாங்கினபோதே சொல்லிவிட்டார். "இதுக்குத் தலைவர்தான் பேரு வெக்கணும். அது வரைக்கும் யாரும் ஒண்ணும் வெக்கக் கூடாது. மொதல்ல காதுல விழற பேரு அவரு வாயிலேருந்து விழணும்."

அந்தக் கோடையிலேயே செகந்திராபாத்தில் கூட்டம் போட்டுத் தலைவரைக் கூப்பிடுவதாகப் படிப்பகத்தில் பேச்சு இருந்தது. கொஞ்ச நாள்தானே என்று அம்மாவும் சும்மா இருந்தாள். எங்கள் வீட்டில் அவள் குரல் எப்போதுமே அப்பாவின் குரலுக்கு ஒரு படி கீழேதான் இருக்கும். அதிர்ந்து ஒரு வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. அந்தச் சுபாவம்தான் எனக்கும் வந்தது.

பிள்ளையை எப்படிக் கூப்பிடுவது? கண்ணு, ராசாத்தி என்று கொஞ்சக்கூட அப்பா விடவில்லை, அதுவே ஒட்டிக்கொள்ளும் என்று. அதனால் நான் பெரியது, அவள் சின்னது. "சின்னது அழுது பாரு." "சின்னதுக்குப் பால் கலக்கு." அப்பா தேக்குத் துண்டில் அவளுக்கு ஒரு கிலுகிலுப்பை கடைந்து கொண்டுவந்தார். அதன் பிடியில் பேர் செதுக்குவதற்கென்று ஒரு இடத்தை வழவழவென்று தேய்த்து வெறுமனே விட்டிருந்தார். சின்னது அந்த இடத்தைத்தான் வாயில் வைத்துச் சப்பும்.

பக்கத்து வீட்டுத் தெலுங்கு அத்தம்மாவை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். வீட்டுக்காரர் லைனில் கேங்மேன். காதில் கம்மல், வாயில் எப்போதும் வெற்றிலை, தெருவே கேட்கிற குரல். குவார்ட்டர்ஸ் சுவருக்கு அந்தப் பக்கம் குளக்கரையில் மஞ்சள் பூசின கல்லாக ஒரு மைசம்மா சாமி இருந்தாளே, அதற்கு விளக்கு வைப்பது அந்த அத்தம்மாதான். அம்மாவை "வதினா" என்பாள், அண்ணி என்று. ஒரு நாள் சின்னதை மடியில் போட்டுக்கொண்டு கேட்டாள்.

"ஏம் வதினா, பேரு லேதா இன்னும்? உங்க தலைவரு வர்ற வரைக்கும் இது உங்கா உங்கான்னுக்கிட்டே இருக்கணுமா?"

"வந்துடுவாருக்கா."

"எங்க வூட்டுக்காரருக்கும் ஒரு தலைவரு இருக்காரு. அவரு வந்து பால் கறப்பாருன்னு எங்க எருமைய நான் நிறுத்தி வெக்கல."

அம்மா சிரித்துவிட்டாள். பிறகு அப்பா கேட்டிருப்பாரோ என்று வாசலை எட்டிப் பார்த்தாள்.

கூட்டம் நடக்கவில்லை. முதலில் தள்ளிப் போட்டார்கள். அதற்குள் ஊரே வேறு மாதிரி ஆகிவிட்டது. பஸ் எரிந்தது. பள்ளிக்கூடம் மூடினார்கள். ஊரடங்கு. வெளியூர்க்காரர்கள் திரும்பிப் போகணும் என்று ஊர்வலத்தில் கத்திக்கொண்டு போனார்கள். அவர்கள் சொன்னது கடற்கரைப் பக்கமிருந்து வேலைக்கு வந்த தெலுங்குக்காரர்களை. நம்மை இல்லை. ஆனால் கல்லுக்கு அது தெரியுமா. நம் வரிசையில் மூன்று வீட்டு ஓடு உடைந்தது. படிப்பகத்துத் தகரத்தில் ராத்திரி முழுக்கச் சத்தம். காலையில் போய்ப் பார்த்தால் தலைவர் படத்தின் கண்ணாடி நொறுங்கிக் கிடந்தது. அப்பா படத்தை மட்டும் எடுத்துத் துண்டில் சுற்றிக்கொண்டு வந்தார். 

அந்தப் பையன்கள் பேரிலும் எனக்கு இப்போது கோபம் இல்லை. அவர்களுக்கும் வேலை வேண்டியிருந்தது. துப்பாக்கிச் சூட்டில் செத்தவர்கள் எல்லாம் நம் அண்ணன்மார் வயசு. அவர்கள் கேட்டது கிடைக்க அவர்களுக்குப் பிறக்காத பிள்ளைகள் வளர்ந்து வர வேண்டியிருந்தது. எத்தனை தலைவர்கள் அதைச் சொல்லி மேலே ஏறினார்கள், எத்தனை பேர் ஏறினதும் மறந்தார்கள், நாம் பார்த்துக்கொண்டுதானே இருந்தோம்.

ஊரடங்கு நேரத்தில்தான் சின்னதுக்குக் காய்ச்சல் வந்தது. அப்பா ஒர்க்‌ஷாப்பில் இருந்தார். மத்தியானம். அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தாள். நான் தூளி ஆட்டிக்கொண்டிருந்தேன். தூளிச் சேலைக்குள் ஏதோ இழுத்து இழுத்து உதறுகிற மாதிரி இருந்தது. விலக்கிப் பார்த்தால் சின்னதுக்குக் கண் மேலே சொருகிவிட்டது, கை விறைத்திருக்கிறது, உதடு நீலம். நான் போட்ட சத்தத்தில் அம்மா ஓடி வந்தாள், சுவர் ஏறிக் குதித்து அத்தம்மாவும் வந்தாள். அத்தனை பெரிய உடம்பு எப்படி அந்தச் சுவரைத் தாண்டியதோ.

அத்தம்மா ஈரத்துணியை எடுத்து உடம்பெல்லாம் துடைத்தாள். "பிலுவு வதினா. காதுல கூப்பிடு. பேரு சொல்லிக் கூப்பிட்டாத்தான் திரும்பி வரும்."

அம்மா பிள்ளையின் காதில் வாயை வைத்தாள். வாய் திறந்தது. ஒன்றும் வரவில்லை. அவளிடம் கூப்பிட ஒரு பேர் இல்லை. அம்மா நிமிர்ந்து அத்தம்மாவைப் பார்த்தாள். ஜன்மத்துக்கும் நான் மறக்காத முகம் அது. கிணற்றில் விழுந்தவள் மேலே கை நீட்டுகிற மாதிரி.

அத்தம்மா ஒரு நிமிஷமும் யோசிக்கவில்லை. "மைசம்மா" என்று கூப்பிட்டாள். "ஓ மைசம்மா. ரா தல்லி. இங்க வா." பிறகு அம்மாவின் முதுகில் ஒன்று போட்டாள். "நீ கூப்பிடு. பெத்தவ நீ."

அம்மா கூப்பிட்டாள். மெல்ல ஒரு தடவை. பிறகு என் அம்மாவுக்கு இத்தனை குரல் உண்டா என்று நான் பயந்து போகிற மாதிரி, "மைசம்மா, மைசம்மா" என்று தெருவே கேட்கக் கத்தினாள். வலிப்பு தானாக அடங்கியதோ, ஈரத்துணியில் அடங்கியதோ, எனக்குத் தெரியாது. டாக்டர்கள் தானாகவே அடங்கும் என்கிறார்கள். சின்னதின் கண் கீழே இறங்கியது. எங்களைப் பார்த்தது. பிறகு அழுதது.

அத்தம்மா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தாள். முனையில் போலீஸ்காரன் லத்தியைக் குறுக்கே நீட்டினான். "காய்கூ ஆயே? கர்ஃப்யூ மாலும் நை?" ஏன் வந்தாய், ஊரடங்கு தெரியாதா என்று அதட்டினான். "உங்க அம்மாவுக்கும் நீ இப்படித்தான் இருந்திருப்ப, நவுரு" என்று அத்தம்மா அவன் லத்தியைக் கையால் விலக்கிவிட்டுப் போனாள். ரயில்வே ஆஸ்பத்திரியில் ஊசி போட்டார்கள். நர்ஸ் பிள்ளைக்குப் பேர் என்ன என்று கேட்டபோது அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். "இன்னும் வெக்கலம்மா."

சாயங்காலம் அப்பா வந்து எல்லாம் கேட்டார். பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு நெடுநேரம் இருந்தார். அம்மா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அவரே, "இன்னும் கொஞ்ச நாள்தான். எப்படியாவது அவர பாத்துடறேன்" என்றார். அம்மா அதோடு வாயை மூடிக்கொண்டாள். மைசம்மா என்ற பேரை நாங்கள் அவருக்குச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவருக்கு என்ன ஆகியிருக்கும். சாமி பேர், அதிலும் தெலுங்குச் சாமி பேர், சாமியே இல்லை என்கிற தலைவர் வாய்க்கு முன்னால் பிள்ளை காதில் விழுந்துவிட்டது என்று.

ஆனால் அப்பா வேலைக்குப் போன பிறகு அம்மா அவள் காதில் அந்தப் பேரைச் சொல்லுவாள். சின்னது அதற்கு மட்டும்தான் தலை திருப்பும்.

மழை விட்ட பிறகு நம் வரிசையில் வீடுகள் காலியாக ஆரம்பித்தன, ஞாபகம் இருக்கா. பெரம்பூருக்கும் போத்தனூருக்கும் மாற்றல் வாங்கிக்கொண்டு போனார்கள். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் யாராவது ஒருத்தி பாண்டிக்காயை எனக்குக் கொடுத்துவிட்டுப் போவாள். அப்பாவும் எழுதிக் கொடுத்திருந்தார். அவருக்குப் பதிலாகப் பெரம்பூரில் ஒருவர் இங்கே வர ஒத்துக்கொண்டிருந்தார். அம்மா பாத்திரங்களை அடுக்க ஆரம்பித்தாள். ஒரு நாள் பகல் எல்லாம் அத்தம்மா சுவருக்கு அந்தப் பக்கம் பேசாமல் இருந்தாள். சாயங்காலம் ஒரு தூக்கில் தயிர் கொண்டுவந்து வைத்துவிட்டு, "அங்க எருமைத் தயிர் கெடைக்குமோ இன்னாவோ" என்று மட்டும் சொன்னாள்.

அந்தச் சமயத்தில்தான் செய்தி வந்தது. தலைவர் டெல்லி வண்டியில் போகிறார். அந்த வண்டி செகந்திராபாத் வராது, காஜிபேட்டையில் நிற்கும். அப்பா அன்றைக்குச் சாப்பிடவே இல்லை. ரயில்வே பாஸ் இருந்தது. விடிவதற்கு முன்னால் முதல் பாசஞ்சரில் நாலு பேரும் ஏறினோம். அப்பா மடியில் சாமந்தி மாலை, ஈரத்துணியில் சுற்றி. அம்மா மடியில் சின்னது, புதுச் சட்டை, கன்னத்தில் பொட்டு. கிலுகிலுப்பையை அப்பா சட்டைப் பையில் வைத்திருந்தார். பேரைக் கேட்டதும் வண்டியிலேயே செதுக்க ஒரு சின்ன உளியும்.

காலையில் வர வேண்டிய வண்டி வெயில் ஏறின பிறகுதான் வந்தது. காஜிபேட்டைத் தமிழ் ஆட்கள் பிளாட்பாரம் முழுக்க. லோகோ ஷெட்டில் வேலை செய்கிறவர்கள், கரி படிந்த உடுப்போடு அப்படியே வந்திருந்தார்கள். கொடி, மாலை, தப்பு மேளம். வண்டி உள்ளே வரும்போது எழுந்த வாழ்க கோஷத்தில் சின்னது திடுக்கிட்டு அம்மாவின் கழுத்தைக் கட்டிக்கொண்டது.

முதல் வகுப்புப் பெட்டி எங்களைத் தாண்டிப் போய் நின்றது. எல்லாரும் ஓடினோம். வாசலில் வெள்ளைச் சட்டைக்காரர் ஒருவர் நின்று மாலைகளை வாங்கி உள்ளே போட்டுக்கொண்டிருந்தார். "தலைவருக்கு ஒடம்பு சரியில்ல. ரெண்டு நாளா தூக்கம் இல்ல. இப்பத்தான் கண் அசந்தாரு. தயவு பண்ணுங்க" என்று கையெடுத்துக் கும்பிட்டார். யார் காதில் விழுந்தது. அப்பா வாசல் பக்கம் முட்டிக்கொண்டிருந்தார். அங்கிருந்தே, "நீ ஜன்னலாண்ட போ, ஜன்னலாண்ட போ" என்று அம்மாவைப் பார்த்துக் கத்தினார். கூட்டம் எங்களைத் தானாகத் தள்ளிக் கொண்டுபோய் ஒரு ஜன்னலுக்கு நேராக நிறுத்தியது. நான் அம்மாவின் கொசுவத்தைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

மரச்சட்டம் இறங்கியிருந்தது.

அம்மா பிள்ளையைத் தூக்கிப் பட்டைகளுக்கு நேராகப் பிடித்தாள். என் உயரத்துக்குக் கீழ்ப்பட்டை இடுக்கு சரியாக இருந்தது. எட்டிப் பார்த்தேன். உள்ளே இருட்டு. ஒரு பிளாஸ்க். மடித்து வைத்த கண்ணாடி. சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருக்கிற ஒரு ஆள். போர்வைக்கு வெளியே ஒரு பாதம் மட்டும் தெரிந்தது. குதிகால் வெடித்திருந்தது. எங்கள் அப்பாவுக்கு இருக்கிற மாதிரியே, வெடிப்புக்குள் கறுப்பு. இத்தனை பெரிய தலைவருக்கும் கால் வெடிக்குமா என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

அம்மாவும் பார்த்தாள். தட்டுவதற்கு ஒரு கையைத் தூக்கினாள். தூக்கின கை அப்படியே நின்றது. பிறகு கீழே இறங்கிவிட்டது. ஏன் தட்டவில்லை என்று எத்தனையோ வருஷம் கழித்து ஒரு தடவை கேட்டேன். "தூங்கறவங்கள எப்படி எழுப்பறது" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள்.

வண்டி ஊதியது. நகர்ந்தது. ஜனம் கூடவே ஓடியது, நாங்கள் நின்ற இடத்திலேயே நின்றோம். அப்பா எதிர்த் திசையிலிருந்து கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தார். துண்டு எங்கேயோ போய்விட்டது. மாலை நடுவில் அறுந்து கையில் பாதிதான் இருந்தது. முகமெல்லாம் வேர்வை, வேர்வைக்கு நடுவில் சிரிப்பு.

"காட்டினியா? பாத்தாரா? இன்னா பேரு வெச்சாரு?"

அம்மா அவர் முகத்தைப் பார்த்தாள். பிறகு சின்னதைப் பார்த்தாள். கடைசிப் பெட்டி எங்களைத் தாண்டிப் போயிற்று. அப்புறம் எப்போதும் போல ஒரு படி கீழான குரலில் சொன்னாள்.

"மைசம்மா."

அப்பா அவளையே பார்த்தார். "மைசம்மாவா? தலைவரா?"

அம்மா தலையை ஆட்டினாள். அந்தப் பேர் காதில் விழுந்ததும் சின்னது அப்பா பக்கம் திரும்பிச் சிரித்தது. அப்பா அதைப் பார்த்தார். அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை.

திரும்பி வரும்போது வண்டியில் நெடுநேரம் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். கேள்வி கேட்பார் என்று பயந்து நான் தூங்குகிற மாதிரி இருந்தேன். ஜனகாமா ஸ்டேஷன் தாண்டின பிறகு பையிலிருந்து உளியை எடுத்தார். பெட்டி ஆட ஆட, ஒவ்வொரு எழுத்தாகச் செதுக்கினார். நான் எழுத்துக் கூட்டிப் படித்தேன். தூள் அம்மாவின் மடியில் விழுந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை படிப்பகத்தில் அப்பா பேசினார். மீதி இருந்த பத்துப் பன்னிரண்டு பேர்தான். கண்ணாடி இல்லாத படம் திரும்ப மாட்டியிருந்தது. ஒருவர் எழுந்து சிரித்தார். "ஏம்ப்பா செயலாளரே, சாமி இல்லன்னு பேசறவரு சாமி பேரா வெப்பாரு? ரயில் சத்தத்துல வேற எதையோ கேட்டுட்டு வந்துட்டீங்க."

அப்பா கோபப்படவில்லை. மெதுவாகச் சொன்னார். "நானும் ரெண்டு நாளா அதத்தான் யோசிச்சேன். நாம குடிக்கிற தண்ணி எந்தக் கொளத்துது? இந்த ஊர்க் கொளம். அந்தக் கரைல இருக்கிறவ பேரு அது. நம்மள இங்கேருந்து போன்னு சொல்றான். நாமளும் மூட்டையக் கட்டறோம். அவரு இன்னா சொல்றாரு? இந்த ஊர்ப் பேர வெச்சுக்கிட்டு இந்த ஊர்லயே இருன்றாரு. அத மேடைல சொல்லாம ஒரு கொழந்தைகிட்ட சொல்லி அனுப்பியிருக்காரு."

யாரும் சிரிக்கவில்லை. ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். 

மறு நாள் அப்பா மாற்றல் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அம்மா அடுக்கின பாத்திரங்களைத் திரும்ப இறக்கினாள். அத்தம்மாவுக்குச் செய்தி போனதும் மைசம்மா சாமிக்குப் படைக்க ஒரு புதுப் பானைக்கு மஞ்சள் பூசி, வேப்பிலை கட்டி, தப்பு அடிக்கிறவனைக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள். அதற்கப்புறம் எங்கள் வீட்டில் ஒரு கல் விழவில்லை. அத்தம்மாவால்தானா, கலவரமே தணிந்துவிட்டதா, தெரியாது. நாங்கள் இந்த ஊரிலேயே இருந்தோம். அப்பா இங்கேயே ரிட்டையர் ஆனார். என்னை இங்கேயே கொடுத்தார்கள். ஒரு பாசஞ்சர் வண்டிப் பயணத்தில், அம்மா சொன்ன ஒரு வார்த்தையில், நான் இன்றைக்கு இந்த மாடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன். என்னைக் கேட்டால் தப்பில்லை. ஆனால் அம்மா அதைச் சொன்னபோது எதையும் யோசித்துச் சொல்லவில்லை. அது மட்டும் நிச்சயம்.

ஒன்று கவனித்தேன். அதற்கப்புறம் அப்பா, நான், தெரு, பள்ளிக்கூடம், எல்லாரும் தங்கச்சியைப் பேர் சொல்லிக் கூப்பிட்டோம். அம்மா மட்டும் அப்பா முன்னால் கூப்பிட மாட்டாள். அவர் வீட்டில் இருந்தால் அவளுக்கு அது சின்னதுதான்.

காலம் ஓடியது. வறுமையை விரட்டுகிறேன் என்று ஒருவர் வந்தார். மலிவு அரிசி தருகிறேன் என்று ஒருவர் வந்தார். கொடுக்கவும் கொடுத்தார்கள், அந்த அரிசியை நானும் வாங்கி வடித்தேன், பொய் சொல்ல மாட்டேன். அப்பாவின் தலைவரும் ஒரு நாள் தோற்றார், பிறகு ஒரு நாள் செத்தும் போனார். அப்பா அன்றைக்குத் தலை முழுகினார். படத்தை எடுக்கவில்லை.

இதற்கெல்லாம் நடுவில், தங்கச்சி தாவணி போட்ட வருஷம். சினிமாவிலிருந்து வந்த ஒரு தலைவர் வேனில் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தார். அத்தம்மாவின் மகனுக்கு அப்போதுதான் முதல் குழந்தை பிறந்திருந்தது. அவன் ஒரு சாயங்காலம் எங்கள் வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்தான்.

"மாமா, நாளைக்குப் பரேட் மைதானம் பக்கம் வேன் வருது. பிள்ளையத் தூக்கிட்டுப் போறேன். அவர் கையால பேரு வெக்கணும். அதுவரைக்கும் யாரும் வெக்கக் கூடாதுன்னு சொல்லிட்டேன்."

அம்மா முறத்தில் அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள். அப்பா பேப்பரை மடித்தார்.

"நக்கோ தம்பி, வேணாம். போவாத."

"இன்னா மாமா, உங்க மைசம்மாவுக்கு அத்தனாம் பெரிய தலைவர் வெச்சாரு. எனக்கு மட்டும் நக்கோவா?"

அப்பா தன் கையைப் பார்த்தார். உளி பட்ட தழும்பு நிறைய இருந்த கை.

"அந்த வண்டில மரச்சட்டம் எறங்கியே இருந்துச்சு, தம்பி. வாசல்லேருந்து பாத்துக்கிட்டுதான் இருந்தேன். அது நான் செய்யற ஜன்னல். உள்ளேருந்து ஒரு சொல்லு வெளிய வராது."

அம்மாவின் கை நின்றது.

"எனக்கு ஆண்டை பேரு வெச்சான்" என்றார் அப்பா. "சின்னதுக்குப் பெத்தவ வெச்சா. போதும். நீ உன் பொண்டாட்டியப் போய்க் கேளு, அவ மனசுல ஒண்ணு வெச்சிருப்பா."

அவன் ஒன்றும் புரியாமல் என்னைப் பார்த்தான். நான் அம்மாவைப் பார்த்தேன். அம்மா நிமிரவில்லை. ஒரு காயை எடுத்து, நாரைக் கிள்ளி, நுனி வரைக்கும் நிதானமாக இழுத்தாள். பிறகு முறத்தைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள்.

"டீ வெக்கட்டுமா?"

"வை" என்றார் அப்பா.

உள்ளே போனாள். அடுப்பு பற்றவைக்கிற சத்தம் கேட்டது. பிறகு அடுப்படியிலிருந்து, வாசலில் அப்பா உட்கார்ந்திருக்கும்போதே, அன்றைக்கு வலிப்பு வந்த மத்தியானம் கேட்ட அதே பெரிய குரலில் கூப்பிட்டாள்.

"மைசம்மா, பால் வாங்கிட்டு வா."

கொல்லைப் பக்கமிருந்து, "வரேம்மா" என்றாள் தங்கச்சி.